ஜன்னல் இல்லாத ஓர் அறை: பூந்தமல்லித் திரைப்பட நகரைத் திட்டமிடுவோருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய அதிகாரிகளுக்கு,

வணக்கம். சென்னையை அடுத்த பூந்தமல்லியில் 500 கோடி ரூபாயில் நவீனத் திரைப்பட நகரம் அமைக்கப்படும் என்று 2024 ஜனவரியில் அரசு அறிவித்தது. படப்பிடிப்புத் தளங்கள், அனிமேஷன், விஎஃப்எக்ஸ், நட்சத்திர ஓட்டல் என்று அறிவிப்பில் நிறைய இருந்தது. வரட்டும், நல்லதுதான். அந்தத் தளங்களில் நான் படம் எடுக்கப்போவதும் இல்லை, அந்த ஓட்டலில் தங்கப்போவதும் இல்லை. நான் கேட்க வந்தது ஒரே ஓர் அறை. முந்நூறு சதுர அடி இருந்தால் போதும். ஏசி இரவும் பகலும் ஓட வேண்டும். ஜன்னல் வேண்டாம்.

எதற்கு என்று கேட்பீர்கள். பழைய வீடியோ கேசட்டுகளைப் பாதுகாத்து, கெட்டுப்போகும் முன் டிஜிட்டலுக்கு மாற்ற. அதற்கு என் வீட்டு பீரோவைத் திறந்து காட்ட வேண்டும். கீழ்த்தட்டு இரண்டில் புடவை. மேலே மூன்று தட்டிலும் கேசட். மூன்று வகை வீடியோ நாடா. போன மாதம் உட்கார்ந்து எண்ணினேன்: மினிடிவி (MiniDV) 340, ஹை8 60, பீட்டாகேம் 12. ஆக 412. புதுச் செருப்புப் பெட்டிகளில் வரும் சிலிக்கா ஜெல் பொட்டலங்களைச் சொந்தக்காரர்கள் வீட்டிலெல்லாம் கேட்டு வாங்கி இடுக்குகளில் செருகி வைத்திருக்கிறேன். அப்படியும் ஐப்பசி வந்துவிட்டால் பீரோவைத் திறந்ததும் ஈரத்துணி வாசம் அடிக்கிறது.

நான் இருபத்தைந்து வருஷத்துக்கும் மேலாகச் சொந்தமாக ஆவணப்படங்களும் வீடியோ கலையும் செய்துவருகிறேன். தெருவில் என்னைக் 'கல்யாண வீடியோ அக்கா' என்றுதான் சொல்வார்கள். அதுவும் பொய்யில்லை. தை, வைகாசி, ஆவணி முகூர்த்தங்களில் கல்யாணம் எடுப்பேன். அந்தக் காசில் ஆடியிலும் மார்கழியிலும் என் படம் எடுப்பேன். அதனால்தான் என் படங்களில் பாதியில் காற்று அடித்துக்கொண்டே இருக்கும், மீதியில் பனி மூட்டம். அதை ஒரு விமர்சகர் அழகியல் தேர்வு என்று எழுதியிருந்தார். பஞ்சாங்கம் செய்த தேர்வு என்று அவருக்கு நான் சொல்லவில்லை.

2003 ஆடியில் செய்யாறு பக்கத்தில் ஒரு கிராமத்துக்குக் கூத்து எடுக்கப் போனேன். கூத்தை எடுத்ததைவிட, வேஷம் கட்டுவதைத்தான் எடுத்தேன். துரியோதனன் வேஷம் கட்டும் பெரியவர் ஒரு குண்டு பல்புக்கு அடியில், கையகலக் கண்ணாடியை முழங்காலில் சாய்த்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். முகத்தில் முதலில் அரிதாரம். பிறகு ஈர்க்குச்சி நுனியில் வெள்ளையைத் தொட்டுக் கன்னத்தில் புள்ளி புள்ளியாக வைத்தார். கை ஒரு தடவைகூட நடுங்கவில்லை. நடுநடுவே வசனத்தை முணுமுணுத்துப் பார்த்துக்கொண்டார். ஒருமுறை என் பக்கம் திரும்பி, "பாப்பா, அந்த லைட்ட கொஞ்சம் தள்ளு, கண்ணு கூசுது" என்றார். புஜக்கட்டை, மார்பதக்கம், கடைசியில் கிரீடம். இரண்டு மணி நேரம், இரண்டு கேசட். இடையில் நான் கேமராவை நிறுத்தியது கேசட் மாற்றுவதற்கு மட்டும்தான்.

அதை நாற்பது நிமிடத்துக்குச் சுருக்கி, இரண்டு பழைய டிவிப் பெட்டிகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஓட்டினேன். ஒன்றில் மனிதர் துரியோதனனாகிறார். இன்னொன்றில் அதே காட்சி தலைகீழாக ஓடுகிறது: துரியோதனன் ஒவ்வொரு கோடாக அழிந்து, பகலில் கரும்பு வெட்டப் போகும் ஒருவர் மிஞ்சுகிறார். சரியாக இருபதாவது நிமிடத்தில் இரண்டு பெட்டியிலும் ஒரே முகம், பாதி அரிதாரத்தோடு. அந்த ஒரு நொடிக்காகத்தான் மொத்த வேலையும். ஒலி கிடையாது. நான்கு ஊர்களில் காட்டினோம். பெரியவரின் ஊரில் காட்டியபோது அவர் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "ரெண்டு பொட்டி எதுக்கு, ஒண்ணு ரிப்பேராயிடுச்சா?" என்றார். எனக்குக் கிடைத்த விமர்சனங்களில் இதுதான் இன்னும் மனசில் நிற்கிறது.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் அவர் இறந்துபோனார். காரியம் முடிந்த கையோடு அவர் மகன் சென்னைக்கு வந்தார். "அக்கா, அப்பா வேஷம் கட்டும்போது பேசிக்கிட்டே இருப்பாரு. அந்தக் குரல் மட்டும் இருந்தாலும் போதும்க்கா." என்னிடம் டிவிடியில் இருந்ததோ ஒலி இல்லாத நாற்பது நிமிடம். குரல் அசல் கேசட்டில்தான் இருக்கிறது. முதல் கேசட்டை டெக்கில், அதாவது கேசட்டை ஓட்டும் இயந்திரத்தில், போட்டோம். பதினோரு நிமிடம் ஓடியது. அப்புறம் படம் பட்டை பட்டையாகக் கிழிந்தது. ஒரு பட்டையில் கன்னம், அடுத்த பட்டையில் பத்து நொடிக்கு முந்தைய சுவர். குரல் விட்டுவிட்டு வந்து நின்றேபோனது.

விவரம் தெரிந்தவர்கள் உங்களில் இருக்கலாம், இருந்தாலும் சொல்லிவிடுகிறேன். மினிடிவி நாடாவின் அகலம் கால் அங்குலம். அதில் படம் எழுதப்படும் ஒவ்வொரு தடமும் 10 மைக்ரான் அகலம்தான். நம் ஊர் டிவிக்கான பால் (PAL) முறையில் ஒரு பிரேம், அதாவது ஒரு தனிப்படம், பன்னிரண்டு தடமாகப் பிரிந்து கிடக்கும். நிமிடத்துக்கு 9000 சுற்றுச் சுற்றும் உருளையில் இரண்டு ஹெட்கள் மாறி மாறி அந்தத் தடங்களைப் படிக்கும். ஒரு ஹெட்டில் பூஞ்சைத் துணுக்கு ஒன்று ஒட்டினால் போதும், ஒன்றுவிட்டு ஒரு தடம் காலி. அதுதான் அந்தப் பட்டை. மினிடிவியில் உலோகத்தை ஆவியாக்கி மிக மெல்லிசாகப் பூசியிருப்பார்கள். பூச்சு உரிந்தால் அதோடு படமும் போனது. பீட்டாகேம் போன்ற பழைய நாடாக்களின் கதை வேறு. அவற்றில் காந்தத் துகளைப் பிடித்துவைத்திருக்கும் பசை வருஷக்கணக்கில் ஈரத்தை உறிஞ்சிப் பிசுபிசுத்துவிடும். ஓட்டினால் ஹெட்டோடு ஒட்டிக்கொள்ளும். அதனால் அந்த மாதிரி நாடாவை முதலில் இளஞ்சூட்டில் மணிக்கணக்கில் வைத்து உலர்த்தி எடுப்பார்கள். எந்த நாடாவைச் சூடு காட்டலாம், எதைக் காட்டக்கூடாது என்பது தெரியாதவர் கை வைத்தால், இருப்பதும் போகும்.

அன்று முழுக்க ஆல்கஹாலில் நனைத்த துடைப்பானால் ஹெட்டைத் துடைப்பது, ஓட்டுவது, மறுபடி துடைப்பது என்றே போனது. இரவு பத்தரை மணிக்கு முதல் கேசட்டின் அறுபது நிமிடத்தில் நாற்பத்தேழு நிமிடம் ஹார்டு டிஸ்க்குக்கு வந்து சேர்ந்தது. "லைட்ட கொஞ்சம் தள்ளு" அதில் இருந்தது. மகன் அந்த இடத்தை ஏழெட்டு முறை திருப்பிப் போடச் சொல்லிக் கேட்டார். இரண்டாவது கேசட்டைப் போடவே பயமாக இருந்தது. நாடாவின் ஓரம் வெள்ளை பூத்திருந்தது.

அதற்குப் பிறகுதான் ஒரு திரைப்படக் காப்பகத்தின் படியேறினேன். எந்தக் காப்பகம் என்பது முக்கியமில்லை, எங்கு போனாலும் ஏறக்குறைய இதேதான். படிவம் ஒன்று கொடுத்தார்கள். தணிக்கைச் சான்றிதழ் எண், வெளியான தேதி, தயாரிப்பு நிறுவனம், ரீல் எண்ணிக்கை. நான்கிலும் 'இல்லை' என்று எழுதினேன். வாங்கிப் பார்த்தவர் மரியாதையான மனிதர். உட்காரச் சொன்னார், டீ வரவழைத்தார், பிறகு சங்கடத்தோடு சொன்னார்: "அப்போ இது படம் கணக்குலயே வராதே மேடம்."

அவர் மேல் எனக்குக் கோபம் இல்லை. படிவத்தின் மேல்தான் கோபம். அதை எழுதியவருக்குச் சினிமா என்றால் தியேட்டரில் ஓடுவது என்று மட்டும்தான் தெரிந்திருக்கிறது. அந்த நான்கு கேள்வியையும் எங்கள் உலகத்துக்குக் கொண்டுவந்து பாருங்கள்.

தணிக்கைச் சான்றிதழ். 2004 மும்பை சர்வதேசப் பட விழாவில் இந்தியப் படங்களுக்கு மட்டும் தணிக்கைச் சான்றிதழ் கட்டாயம் என்று விதி போட்டார்கள். வெளிநாட்டுப் படங்களுக்கு அது வேண்டியதில்லை. ஆவணப்பட இயக்குநர்கள் சேர்ந்து எதிர்த்ததும் விதியைத் திரும்பப் பெற்றார்கள். ஆனால் கேள்வி கேட்கும் படங்கள் பல, தேர்வில் விழுந்துவிட்டன. அப்போதுதான் விழா நடந்த அதே பிப்ரவரியில் 'விகல்ப்' என்ற பெயரில் மாற்று விழாவை இயக்குநர்கள் தாங்களே நடத்தினார்கள். சான்றிதழ் இல்லாதது எங்கள் சோம்பேறித்தனம் இல்லை. பலருக்கு அது கொள்கை.

தயாரிப்பு நிறுவனம். 'அக்ரஹாரத்தில் கழுதை'யால் நம்மவர்களுக்கும் தெரிந்த இயக்குநர் ஜான் ஆபிரகாம், 1986இல் 'அம்ம அறியான்' என்ற மலையாளப் படத்தை எடுத்தபோது தயாரிப்பாளர் என்று ஒருவர் இல்லை. ஒடேசா கலெக்டிவ் நண்பர்கள் கேரளத்தில் ஊர் ஊராகப் போய்ப் படம் காட்டி, ஜனங்களிடம் கைநீட்டி வாங்கிய காசு அது. படிவத்தின் அந்தக் கட்டத்தில் ஜான் என்ன எழுதியிருப்பார்?

வெளியான தேதி. மதுரை மாநகராட்சித் துப்புரவுப் பணியாளர் ஒருவரின் ஒரு நாள் வேலையைக் காட்டும் அமுதன் ஆர்.பி.யின் ஆவணப்படம் 'பீ' (2003) எந்த வெள்ளிக்கிழமையும் ரிலீசானதில்லை. மண்டபங்களிலும் கல்லூரி வகுப்பறைகளிலும், கையில் வந்துசேர்ந்த சிடியிலும் பார்த்தவர்கள்தான் அதிகம். அதனால் அது படம் இல்லை என்று யாரும் சொல்வதில்லை, படிவத்தைத் தவிர.

ரீல் எண்ணிக்கை. அதை விடுங்கள்.

தொலைந்ததைப் பற்றி நமக்குப் புதிதாகச் சொல்ல வேண்டியதில்லை. புரசைவாக்கத்தில் உட்கார்ந்து நடராஜ முதலியார் எடுத்த 'கீசக வதம்', தென்னிந்தியாவின் முதல் கதைப்படம், ஒரு அடி நாடாகூட மிஞ்சவில்லை. 1931இல் வந்த முதல் தமிழ்ப் பேசும்படம் 'காளிதாஸ்', அதுவும் இல்லை. ஒவ்வொரு மேடையிலும் இதைச் சொல்லி வருத்தப்படுகிறோம். 1964இல் புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கிய பிறகு, அங்கே பணியாற்றிய பி.கே.நாயர் ஊர் ஊராக அலைந்து சேர்த்ததால்தான் மிச்சமிருக்கும் பழைய படங்களில் பல இன்று கண்ணில் படுகின்றன. அவரிடம் நான் மதிக்கும் குணம், எது நல்ல படம், எது குப்பை என்று பிரித்துக்கொண்டு நிற்காதது. கிடைத்ததையெல்லாம் உள்ளே வைத்தார்.

சோதனைப் படங்களுக்கு இந்த ஆபத்து இன்னும் அதிகம், ஏனென்றால் அவை பெரும்பாலும் ஒற்றைப் பிரதி. ஓவியர் அக்பர் பதம்சி 1969இல் நேரு ஃபெல்லோஷிப் பணத்தில் பம்பாயில் ஒரு பட்டறை ஆரம்பித்தார். ஓவியர்களும் படம் எடுப்பவர்களும் ஒன்றாக உட்கார்ந்து வேலை செய்யும் இடம். இன்று உலகம் முழுக்க வீடியோ கலைக்காகப் பேசப்படும் நளினி மலானி தன் முதல் படங்களை எடுத்தது அங்கேதான். பதம்சியும் அங்கே இரண்டு படங்கள் செய்தார். அதில் ஒன்று ஆறு நிமிடம். இருந்தது ஒரே ஒரு பிரதி. டெல்லியில் ஒரு கண்காட்சிக்கு அனுப்பினார்கள், அப்படியே காணாமல் போய்விட்டது. பல வருஷம் கழித்து, 2016இல், அஷிம் அலுவாலியா என்ற இயக்குநர் வயதான பதம்சியை உட்காரவைத்து, ஞாபகத்திலிருந்து அந்தப் படத்தைத் திரும்ப உருவாக்கப் பார்த்தார். ஒரே ஒரு பிரதி தொலைந்ததற்கு இவ்வளவு விலை.

'இதெல்லாம் அரசு செய்கிற வேலையா?' என்று கேட்பவர்களுக்குத் தென்கொரியாவைக் காட்டுவேன். வீடியோ கலைக்கு ஆதிபுருஷர் என்று சொல்லப்படும் நாம் ஜூன் பைக் (Nam June Paik) சியோலில் பிறந்தவர். இசை படிக்க ஜெர்மனி போய், 1963இல் வூப்பர்டாலில் பழைய டிவிப் பெட்டிகளைக் கலைத்துப்போட்டுக் கண்காட்சி வைத்தார். பிறகு நியூயார்க் போனார். 1988இல், ஒலிம்பிக்ஸ் நடந்த வருஷம், க்வாச்சோன் நகரிலுள்ள தேசிய அருங்காட்சியகத்துக்காக 1003 டிவிப் பெட்டிகளை அடுக்கி ஒரு கோபுரம் கட்டினார். அவர் 2006இல் போய்விட்டார். பெட்டிகளும் ஒவ்வொன்றாகக் கண்ணை மூடின. 2018இல் பாதுகாப்புக் காரணத்தால் மொத்தத்தையும் அணைத்துவிட்டார்கள். பிரித்து விற்றுவிடலாம் என்று யாருக்கும் தோன்றியிருக்கலாம். அருங்காட்சியகம் என்ன செய்தது தெரியுமா? தேடி அலைந்து பழைய குழல் பெட்டிகளைச் சேகரித்து, 737ஐச் சரிசெய்தோ மாற்றியோ ஓடவைத்தது. முடியாத 266 இடங்களில் மட்டும் எல்சிடி பொருத்தியது. 2022 செப்டம்பரில் கோபுரம் மறுபடி ஒளிர்ந்தது. என் இரண்டு டிவிப் பெட்டிகளை நான் பழைய இரும்புக்காரரிடம் போட்டேன். வைக்க இடமில்லை, வேறு காரணமில்லை.

இப்போது அவசரத்துக்கு வருகிறேன். ஆஸ்திரேலியாவின் தேசியத் திரைப்பட, ஒலிக் காப்பகம் 2015இலேயே எச்சரித்தது: 2025க்குள் டிஜிட்டலுக்கு மாற்றப்படாத காந்த நாடாக்கள் பெரும்பாலும் தொலைந்ததாகவே வைத்துக்கொள்ளுங்கள் என்று. நாடா மட்டும் காரணமில்லை, அதை ஓட்டும் இயந்திரமும் தான். உலகில் கடைசியாக விஎச்எஸ் டெக் தயாரித்துக்கொண்டிருந்த ஃபுனாய் 2016 ஜூலையில் நிறுத்திக்கொண்டது. மினிடிவி கேமராவுக்கு ஹெட் வேண்டுமென்றால் இன்று இன்னொரு செத்த கேமராவிலிருந்து பிடுங்க வேண்டும். சென்னை ரிச்சி ஸ்ட்ரீட்டில் ஒரு நாள் முழுக்கச் சுற்றினால், மினிடிவி கேமராவைக் கம்ப்யூட்டரோடு இணைக்கும் ஃபயர்வயர் கேபிள் கிடைக்கும், அதைச் செருக ஓட்டையுள்ள கம்ப்யூட்டர் கிடைக்காது. கேசட் இன்னும் பத்து வருஷம் தாங்கலாம். டெக் அதற்கு முன்னால் போய்விடும்.

இந்தப் பேச்சில் சென்னையைச் சேர்ந்த ஆவணப்பட இயக்குநர் ஆர்.வி.ரமணியின் ஞாபகம் வராமல் இருக்காது. 2004 டிசம்பர் 26 சுனாமியில் அவருடைய கேமரா, உள்ளே ஓடிக்கொண்டிருந்த நாடாவோடு போய்விட்டது. அவர் அந்தக் கேமராவைப் பற்றியே 'மை கேமரா அண்ட் சுனாமி' என்று 2011இல் ஒரு படம் செய்தார். கடல் கொண்டுபோனதற்கு யாரையும் கேட்க முடியாது. பீரோ கொண்டுபோவதற்கு உங்களைக் கேட்கலாம் என்று நினைக்கிறேன்.

சரி, அறைக்குள் என்ன வேண்டும்? ஒவ்வொரு வகையிலும் இரண்டு டெக், ஒன்று ஓட, ஒன்று உதிரிபாகத்துக்கு. ஈரப்பதமானி ஒன்று. சம்பளத்துக்கு இரண்டு பேர். பெரிய பட்டம் பெற்றவர்களைத் தேடாதீர்கள். ஓய்வுபெற்ற தூர்தர்ஷன் பொறியாளர்கள் இருக்கிறார்கள். அவர்களைவிட, கல்யாண ஸ்டூடியோக்களில் இருபது வருஷம் டெக்கோடு மல்லுக்கட்டியவர்கள் இருக்கிறார்கள். எனக்குத் தெரிந்த ஒருவர், ஓடும் சத்தத்தைக் கேட்டே எந்த ரோலர் தேய்ந்திருக்கிறது என்று சொல்வார். இப்போது அவர் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறார். அவருக்கு வயதும் ஆகிறது. டெக்குக்காவது உதிரிபாகம் கிடைக்கும்.

இடத்துக்கும் பணத்துக்கும் பயப்பட வேண்டாம். ஒரு மணி நேர மினிடிவி, அப்படியே கம்ப்யூட்டருக்கு மாற்றினால் சுமார் 13 ஜிபி. ஆயிரம் மணி நேரம் என்றாலும் 13 டிபி. ஒரே ஹார்டு டிஸ்க்கில் அடங்கிவிடும். மூன்று நகல் எடுத்து மூன்று ஊரில் வைத்தாலும் மூன்று டிஸ்க்தான். தயவுசெய்து இடம் மிச்சம் பிடிக்கிறோம் என்று சுருக்கிவிடாதீர்கள். அந்தத் தப்பைத்தான் நான் டிவிடியில் செய்தேன்.

முடிந்த படத்தோடு, வெட்டாத அசல் பதிவையும் வாங்கிக்கொள்ளுங்கள். நான் எடுத்த படத்தை நூறு பேர் பார்த்திருப்பார்கள். அசலில் இருப்பது ஒரு கூத்துக்காரர் இரண்டு மணி நேரம் வசனம் சொல்லிப் பார்ப்பது. அது எனக்கு மட்டும் உரியதும் இல்லை. அதில் இருப்பவரின் குடும்பம் வந்து கேட்டால் ஒரு நகல் போட்டுக் கொடுக்கும்படி விதி செய்யுங்கள். பதிப்புரிமை படம் எடுத்தவரிடமே இருக்கட்டும். இதை எழுத்தில் கொடுத்தால்தான் என்னைப் போன்றவர்கள் பீரோ சாவியைத் தருவார்கள். நாங்கள் கொஞ்சம் சந்தேகப் பிராணிகள், ஏமாந்த அனுபவம் அப்படி.

படிவத்தை மட்டும் மாற்றி எழுதுங்கள். யார் எடுத்தது, எங்கே, எந்த வருஷம், யார் யார் இருக்கிறார்கள், எந்த வகை நாடா, காட்டும்போது எத்தனை பெட்டியில் எப்படிக் காட்டியது. இந்த ஆறும் போதும். கடைசிக் கேள்வியை விட்டுவிடாதீர்கள். என் துரியோதனனை ஒரே திரையில் ஓட்டினால் பெரியவர் கேட்டதற்கு அர்த்தமே இருக்காது.

கட்டடம் எழும்பும்வரை காத்திருக்கலாம் என்று தோன்றினால், இன்னொன்றும் யோசித்துப் பாருங்கள். அடிக்கல், டெண்டர், திறப்பு விழா என்று போவதற்குள் இன்னும் சில ஐப்பசிகள் வந்துபோகும். அறையை இப்போதே வேறு எங்காவது, ஏதாவது அரசுக் கட்டடத்தில் தொடங்கிவிட்டு, பிறகு பூந்தமல்லிக்கு மாற்றிக்கொள்ளலாம். மாற்றுவதற்கு ஒரு டெம்போ போதும்.

என் 412 கேசட்டையும் எழுதி வைத்த பட்டியலோடு தருகிறேன். பெரியவரின் இரண்டாவது கேசட்டை மட்டும் தனியாக, மேல்தட்டில் ஒரு எவர்சில்வர் டப்பாவில் வைத்திருக்கிறேன். இன்னும் எந்த டெக்கிலும் போடவில்லை. அவர் மகன் பொங்கலுக்குப் பொங்கல் போன் செய்து விசாரிப்பார், "ஒண்ணும் அவசரமில்லக்கா" என்று சொல்லிவிட்டு வைத்துவிடுவார்.

டெக்கையும் எடுத்துக்கொள்ளுங்கள். ஓடுகிறது. எஜெக்ட் பட்டன் மட்டும் வேலை செய்யாது, பக்கத்திலிருக்கும் சின்ன ஓட்டையில் ஹேர்பின்னால் குத்த வேண்டும். பின்னை டெக்கின் மேலேயே டேப் போட்டு ஒட்டி வைத்திருக்கிறேன்.

இப்படிக்கு,
ஆடியிலும் மார்கழியிலும் படம் எடுப்பவள்